பழைய தொடர்களின் படத்தை வெட்டுகிறவர்களுக்கும் பாட்டை மாற்றுகிறவர்களுக்கும் ஒரு திறந்த மடல்

உலகத் தொலைக்காட்சித் தொடர்களின் உரிமையைக் கையில் வைத்திருப்பவர்களுக்கும், அவற்றை வாங்கி ஓடிடி தளங்களில் ஏற்றுகிறவர்களுக்கும்,

இரண்டாயிரத்தின் முதல் ஐந்தாறு ஆண்டுகளில் வந்த தொடர்களை நீங்கள் எங்களுக்குத் தருகிற விதம் சரியில்லை. படத்தின் தலையையும் காலையும் வெட்டுகிறீர்கள். இருந்த பாட்டை எடுத்துவிட்டு வேறு பாட்டை ஒட்டுகிறீர்கள். இரண்டையும் செய்துவிட்டு, செய்ததாக எங்கேயும் ஒரு வரிகூட எழுதுவதில்லை. நான் மாதாமாதம் சந்தா கட்டும் ஒரு தளத்துக்கு இதைப் பற்றி மூன்று முறை எழுதினேன். மூன்றாவது முறை பதில் வந்தது. இன்றைய திரைகளுக்கு ஏற்றபடி மேம்படுத்தப்பட்ட வடிவம் என்று ஒரே ஒரு வாக்கியம். தனியாகக் கேட்டது போதும் என்று பட்டது. அதனால் இப்போது எல்லோர் முன்னிலும் கேட்கிறேன்.

நடந்ததைச் சொல்கிறேன். பொங்கல் விடுமுறையில் என் மகளோடு உட்கார்ந்து 'வின்டர் சொனாட்டா' பார்க்க ஆரம்பித்தேன். 2002 ஜனவரியில் கொரியாவின் கேபிஎஸ் 2 அலைவரிசையில் தொடங்கி மார்ச்சில் முடிந்த தொடர், மொத்தம் 20 பகுதிகள். அதை நான் முதலில் பார்த்தது சித்தி மகன் சிங்கப்பூரிலிருந்து கொண்டுவந்த விசிடியில். அதில் நாமி தீவில் ஒரு பாதை வரும். இரண்டு பக்கமும் மெட்டாசெக்கோயா மரங்கள் வரிசையாக, தூண் நட்ட மாதிரி நேராக எழுந்து நிற்கும். கீழே கதையின் காதலர்கள் இரண்டு பேரும் சின்னதாகத் தெரிவார்கள். மரத்தின் உயரம்தான் அந்தக் காட்சிக்கே உயிர். மகளிடம் அந்த மரங்களைப் பற்றி அவ்வளவு சொல்லி வைத்திருந்தேன். காட்சி வந்தது. மரத்தின் உச்சி இல்லை. அடிமரம் மட்டும் வேலிக்கம்பு போல வரிசையாக நின்றது. "வானத்தைத் தொடும்னு சொன்னியேம்மா?" என்றாள்.

என் நினைவுதான் தப்போ என்று நினைத்து, பரண் மேல் இருந்த பெட்டியை இறக்கி விசிடியைத் தேடி எடுத்தேன். ஒன்றிரண்டு தட்டுகள் ஓடவில்லை. ஓடிய தட்டில் மரம் முழுசாக இருந்தது. படம் மங்கல்தான், கட்டம் கட்டமாகத் தெரிகிற மங்கல். ஆனால் உச்சி இருந்தது, உச்சிக்கு மேலே வானமும் இருந்தது.

என் மகள் கணக்கு நோட்டில் ஸ்கேல் வைத்துப் போட்டுக் காட்டினாள். பழைய டிவி பெட்டியின் திரை 4:3. அகலம் 12 சென்டிமீட்டர் என்றால் உயரம் 9. இப்போதைய டிவி 16:9. அதே 12 சென்டிமீட்டர் அகலத்துக்கு உயரம் 6.75தான் வரும். பழைய படத்தைப் புதுத் திரை முழுக்க நிரப்ப வேண்டுமென்றால் உயரத்தில் 2.25 சென்டிமீட்டரை வெட்டியாக வேண்டும். அதாவது நாலில் ஒரு பங்கு. அவள் அந்தத் துண்டைக் கத்தரியால் வெட்டி என் கையில் கொடுத்தாள். இந்த மடலை எழுதும்போது அது என் மேசையில்தான் இருக்கிறது.

இதை ஒரு ரசிகையின் ஆதங்கம் என்று தள்ளிவிடாதீர்கள். என் வேலையைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும், ஏனென்றால் இந்தக் கோபம் அங்கிருந்துதான் வருகிறது.

2002 முதல் பதினோரு வருஷம் நான் சென்னையில் மெடிக்கல் டிரான்ஸ்கிரிப்ஷன் செய்தேன். இரவு ஷிப்ட். அமெரிக்காவில் ஒரு டாக்டர் நோயாளியைப் பார்த்துவிட்டு வாயால் சொல்லிப் பதிவு செய்வார். அந்த ஒலி இங்கே வரும். காதில் ஹெட்போன், காலடியில் ஃபுட் பெடல். பெடலை அழுத்தினால் ஓடும், விட்டால் நிற்கும், இடப்பக்கம் அழுத்தினால் கொஞ்சம் பின்னால் போகும். கேட்டதை அப்படியே தட்ட வேண்டும். ஹைப்பர்டென்ஷனா, ஹைப்போடென்ஷனா? ஓரிரு எழுத்து மாறினால் ரத்த அழுத்தம் ஏறினது இறங்கினதாகிவிடும். முதல் நாள் பயிற்சியிலேயே எங்களுக்குச் சொல்லிக் கொடுத்தது இதுதான்: சொல் புரியவில்லையென்றால் ஊகித்து எழுதாதே, பிளாங்க் விடு. எந்த நிமிடம், எந்த நொடி என்று குறித்து வை. மேலே இருக்கும் க்யூஏ, அதாவது தரம் சரிபார்ப்பவர், கேட்டுப் பார்ப்பார். அவருக்கும் புரியவில்லையென்றால் பிளாங்க்கோடுதான் டாக்டருக்குப் போகும். நீயாக ஒரு சொல்லை நிரப்பி, அது டாக்டர் சொன்னதுதான் என்று நம்ப வைத்தாயோ, அன்றைக்கே வேலை போய்விடும்.

அந்த அமெரிக்க உச்சரிப்பை என் காதுக்குப் பழக்கிக் கொடுத்ததே தொடர்கள்தான். டாக்டர்கள் வரும் தொடர், வக்கீல்கள் வரும் தொடர், பள்ளிக்கூடப் பிள்ளைகள் வரும் தொடர் என்று எதுவானாலும் பார்த்தோம். விடிகாலை ஆபீஸ் வண்டி தெருமுனையில் இறக்கிவிடும். காபி போட்டுக்கொண்டு கேபிளில் வரும் மறுஒளிபரப்புக்கு முன்னால் உட்கார்ந்தால் எட்டரை மணிக்குத்தான் தூக்கம். கேபிளில் வராததை பர்மா பஜாரில் வாங்கினோம். அது திருட்டு டிஸ்க் என்று தெரிந்துதான் வாங்கினோம். வேறு வழி அன்றைக்கு எங்களுக்கு யாரும் திறந்து வைக்கவில்லை. கையில் காசு வந்தபிறகு அசல் பெட்டிகளாக ஒவ்வொன்றாகச் சேர்த்தேன். அமெரிக்காவிலிருந்து வந்தவை ரீஜியன் 1 டிஸ்க்குகள், அதாவது அந்த வட்டாரத்து பிளேயரில் மட்டும் ஓடும்படி பூட்டியவை. இங்கே வாங்கிய பிளேயரில் ஓடாது. ரிச்சி தெருவில் ஒரு கடைக்காரர் ரிமோட்டில் ஏதோ நாலு எண்களைத் தட்டி அதைத் திறந்து கொடுத்தார். அப்படிக் கண்ணும் கருத்துமாகப் பார்த்த கூட்டம் நாங்கள். எந்தக் காட்சியில் எந்தப் பாட்டு என்று எங்களுக்கு நினைவு இருக்கும்.

அந்த நினைவிலும் கை வைத்துவிட்டீர்கள். மருத்துவமனையில் நடக்கும் நகைச்சுவைத் தொடர் ஒன்று. அதில் ஒரு பகுதியின் கடைசி இரண்டு நிமிடம் யாரும் பேச மாட்டார்கள். இறந்துபோன நோயாளியின் அறையைச் சுத்தம் செய்வார்கள், பயிற்சி டாக்டர் வெளியே படியில் வந்து உட்காருவார், ஒரு கிடார் பாட்டு மட்டும் ஓடும். எங்கள் ஆபீசில் ஒரு பெண் தன் அப்பா இறந்த வாரத்தில் அதைப் பார்த்துவிட்டு, அந்தப் பாட்டை மொபைலில் ஏற்றிக் கொடுக்கச் சொல்லி அழுதாள். போன வருஷம் அதே பகுதியை ஓடிடியில் போட்டேன். அதே அறை, அதே படி. வேறு பாட்டு. தாளம் இருக்கிறது, துக்கம் இல்லை. டிஸ்க்கைப் போட்டுப் பார்த்தேன். பழைய பாட்டு அதில் அப்படியே இருந்தது.

எங்கள் தொழிலில் இதற்குப் பெயர் ஊகித்து நிரப்புவது. நீங்கள் பிளாங்க்கூட விடவில்லை. 'இந்தப் பகுதியில் இசை மாற்றப்பட்டிருக்கிறது' என்று ஒரு வரி போட்டிருந்தால், சரி, ஏதோ உரிமைச் சிக்கல் என்று புரிந்துகொண்டிருப்பேன். புதிதாகப் பார்க்கும் என் மகள் வயதுப் பிள்ளைகள், அந்த இயக்குநர் அந்தச் சாவுக்கு இந்தப் பாட்டைத்தான் தேர்ந்தெடுத்தார் என்று நம்பிக்கொண்டு போகிறார்கள்.

பாட்டு உரிமை எப்படி வேலை செய்கிறது என்று எனக்குத் தெரியாமல் இல்லை. ஒரு தொடரில் ஒரு பாட்டைப் போட இரண்டு அனுமதி வேண்டும். பாட்டை எழுதி மெட்டமைத்தவர் பக்கத்து உரிமை ஒன்று, அதைப் பாடிப் பதிவு செய்த ஒலிநாடாவின் உரிமை இன்னொன்று. அன்றைக்குப் போட்ட ஒப்பந்தங்கள் பல, குறிப்பிட்ட சில ஆண்டுகளின் ஒளிபரப்புக்கு மட்டும் போட்டவை. வீட்டில் டிஸ்க்காக விற்பதற்குத் தனிக் காசு. இணையத்தில் தொடர் பார்ப்போம் என்பதே அந்த ஒப்பந்தங்களில் இல்லை. அதனால் 2003 முதல் 2010 வரை வந்த 'கோல்டு கேஸ்' டிவிடியாகவே வரவில்லை. பழைய கொலை வழக்குகளைத் தோண்டும் தொடர் அது. கொலை நடந்த ஆண்டின் பாட்டுகளை ஒவ்வொரு பகுதியிலும் வைத்தார்கள், கடைசியில் செத்தவர் ஒரு கணம் வந்து நின்றுவிட்டுப் போவார், பின்னால் பாட்டு ஓடும். பாட்டை உருவினால் தொடரே இல்லை. 'மால்கம் இன் தி மிடில்' தொடரின் முதல் சீசன் 2002இல் டிவிடியாக வந்தது. பாட்டுக்கான செலவால் மற்ற சீசன்கள் அமெரிக்காவில் பின்தொடரவே இல்லை. 2000 முதல் 2004 வரை ஓடிய 'எட்' தொடருக்கும் இதே கதி.

சிக்கல் நிஜம். ஆனால் தீர்க்க முடியாத சிக்கல் இல்லை என்பதை உங்களில் ஒருவரே காட்டியிருக்கிறார். 2003இல் முடிந்த 'டாசன்ஸ் கிரீக்' தொடரின் முகப்புப் பாட்டு, பவுலா கோல் பாடியது, ஓடிடியில் வெகுகாலம் இல்லை. வேறு பாட்டு ஓடியது. தொடரின் பெயரைச் சொன்னாலே அந்தப் பாட்டுத்தான் வாயில் வரும் என்ற அளவுக்கு ஒட்டிப்போனது அது. 2021இல் நெட்ஃபிளிக்ஸ் அதைத் திரும்பக் கொண்டுவந்தது. உட்கார்ந்து பேசினால் நடக்கிறது.

இதன் கனம் நம் ஊர் ஆட்களுக்குப் புரிய ஒன்று சொல்கிறேன். 'மெட்டி ஒலி' 2002 முதல் 2005 வரை ஓடியது. அதன் முகப்புப் பாட்டு தொடங்கினால் தெருவில் நடந்து போகிறவருக்கு ஒரு வரிகூட விட்டுப்போகாது, அடுத்தடுத்த வீட்டு ஜன்னலிலிருந்து தொடர்ந்து கேட்கும். 2020 ஊரடங்கில் அதை மறுபடி போட்டார்கள். அன்றைக்கு அந்தப் பாட்டை எடுத்துவிட்டு வேறொரு பாட்டைப் போட்டு, இதுதான் மெட்டி ஒலி என்று சொல்லியிருந்தால் எங்கள் அம்மாக்கள் சும்மா விட்டிருப்பார்களா? ஒவ்வொரு நாட்டிலும் அப்படி ஒரு அம்மா உண்டு, ஒரு தெரு உண்டு.

படத்துக்குத் திரும்ப வருகிறேன், ஏனென்றால் அங்கே நீங்கள் சொல்லும் காரணம் இன்னும் பலவீனமானது.

இரண்டாயிரத்தின் தொடக்கம் ஒரு இடைக்காலம். பெட்டி டிவி போகத் தொடங்கி, அகலத் திரை வரத் தொடங்கிய நேரம். சில தொடர்களை அகலமாகவே எடுத்தார்கள். அவற்றை அகலமாகவே போடுங்கள், எனக்கு வழக்கில்லை. சிலவற்றை ஃபிலிமில் எடுத்தார்கள். அந்தச் சுருளில் பெட்டித் திரைக்கு வெளியேயும் பக்கவாட்டில் கொஞ்சம் படம் பதிந்திருக்கும். ஆனால் அந்தப் பக்கவாட்டு இடம் யாரும் பார்க்கப்போவதில்லை என்ற நம்பிக்கையில் விட்ட இடம். லைட் ஸ்டாண்டு அங்கே நிற்கும், ஆள் அங்கே நிற்பார். 1997 முதல் 2003 வரை வந்த 'பஃபி' தொடரை அகலமாக்கியபோது இதுதான் நடந்தது. படப்பிடிப்புக் குழுவினர் ஓரத்தில் தெரிந்தார்கள். இரவாகக் காட்ட வண்ணத்தைக் குறைத்துச் செய்திருந்த வேலை விட்டுப்போய், ராத்திரிக் காட்சிகள் பட்டப்பகலாக வெளிறின. வெயிலில் எரிந்து சாம்பலாகும் ரத்தக்காட்டேரிகளின் கதை அது. அவை பகல் வெளிச்சத்தில் சுற்றினால் கதையில் என்ன மிச்சம்?

மூன்றாவது வகை, வீடியோ டேப்பில் எடுத்தவை. தென்னமெரிக்காவின் தினசரித் தொடர்கள் பெரும்பாலும் இப்படித்தான், நம் ஊர் சீரியல்களும் அப்படித்தான். டேப்பில் வெளியே எதுவும் கிடையாது. இருப்பது படத்தைக் கட்டும் 480 அல்லது 576 கிடைக்கோடுகள், அவ்வளவுதான். அதில் நாலில் ஒரு பங்கை வெட்டி, மிச்சத்தை இழுத்துப் பெரிதாக்கி, மென்பொருளால் கூர்மையாக்குகிறீர்கள். தோலில் துளை இருக்காது, முகம் மெழுகு பூசினது போல ஆகிவிடும், பின்னால் இருக்கும் ஆட்களின் கண்ணும் வாயும் கலைந்துபோகும். கொலம்பியாவில் 1999 அக்டோபரில் தொடங்கி 2001 மே வரை ஓடிய 'யோ சோய் பெட்டி, லா ஃபேயா'வை நினைத்துப் பாருங்கள். தடித்த கண்ணாடியும் பல்லில் கம்பியுமாக ஒரு செயலாளர் பெண், அவள் முகத்தை நம்பியே 300க்கும் மேற்பட்ட பகுதிகள் நடந்தன. அந்தக் கதையைத்தான் 2003இல் இந்தியில் 'ஜஸ்ஸி ஜெய்ஸி கோயி நஹீ' என்று எடுத்தார்கள். முகத்தை நம்பி எடுத்த கதையில் நெற்றியையும் தாடையையும் வெட்டினால் நடித்தவளின் உழைப்பு எங்கே போகும்?

'தி வயர்' பற்றிக் கட்டாயம் சொல்ல வேண்டும். 2002 முதல் 2008 வரை, ஐந்து சீசன், 60 பகுதிகள். பால்டிமோர் நகரத்தில் செய்தியாளராக இருந்த டேவிட் சைமன் உருவாக்கியது. மற்றவர்கள் அகலத்துக்கு மாறிய பிறகும் கடைசிவரை 4:3இலேயே நின்றார்கள். தெரியாமல் நிற்கவில்லை, யோசித்து நின்றார்கள். முதல் சீசனில் ஒரு காட்சி. போதைப்பொருள் விற்கும் குடியிருப்பின் முற்றத்தில் பழைய ஆரஞ்சு நிற சோபா கிடக்கும். அந்த முற்றத்தில் இரண்டு பையன்கள் சதுரங்கக் காய்களை வைத்து வேறு ஏதோ ஆட்டம் ஆடிக்கொண்டிருப்பார்கள். அங்கே விற்பனையைப் பார்த்துக்கொள்ளும் டி'ஆஞ்சலோ வந்து உட்கார்ந்து, இது ராஜா, இது யானை, இது சிப்பாய் என்று அவர்கள் தொழிலை வைத்தே சொல்லிக் கொடுப்பான். சிப்பாய் கடைசிவரை போனால் ராணியாகலாம் என்று ஒருவன் பிடித்துக்கொள்வான். அந்தச் சின்னச் சதுரப் படத்துக்குள் மூன்று தலைகள், ஒரு பலகை. இந்தப் பிள்ளைகளுக்குப் போக வேறு இடமே இல்லை என்பதை அந்தப் படச்சட்டமே சொல்லிவிடும். நான் ராத்திரி முழுக்க துப்பாக்கிக் காயம், குண்டு வெளியேறிய எக்ஸிட் வூண்டு, அனுமதித்த நேரம், இறந்த நேரம் என்று தட்டிவிட்டு வந்து இந்தக் காட்சியைப் பார்த்த காலை எனக்கு இன்றும் நினைவிருக்கிறது. நான் தட்டிய பேரில்லாத அறிக்கைகளுக்கெல்லாம் அன்றைக்கு முகம் வந்தது.

2014 டிசம்பரில், இதை ஒளிபரப்பிய எச்பிஓ நிறுவனம் இந்தத் தொடரை அகலமாக்கி வெளியிட்டது. ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும்: படைத்தவருக்குக் காட்டி, அவர் பார்த்துத் திருத்திய பிறகே வெளியிட்டார்கள். சைமன் அப்போது நீளமாக எழுதினார். சில காட்சிகள் அகலத்தில் நன்றாக வருகின்றன, சில காட்சிகள் இழக்கின்றன என்று இரண்டையும் மறைக்காமல் எழுதினார். தொடரின் காட்சி மொழியை வகுத்தவர் ராபர்ட் கோல்ஸ்பெரி. அவர் 2004இலேயே இறந்துவிட்டார். அவரிடம் கேட்க வழியில்லை. படைத்தவரே இரண்டு மனதோடு நின்ற தொடருக்கே இந்த நிலை என்றால், யாரையும் கேட்காமல் பொத்தானைத் தட்டி வெட்டும் நூற்றுக்கணக்கான தொடர்களை என்னவென்று சொல்வது?

பார்வையாளர்கள் கறுப்புப் பட்டையை விரும்புவதில்லை என்று நீங்கள் சொல்வீர்கள். இரண்டு ஓரத்திலும் கறுப்பு இருந்தால் டிவி கெட்டுவிட்டது என்று நினைப்பார்கள் என்பீர்கள். என் மகள் தலைமுறை ஃபோனில் நெட்டுக்குத்தான படத்தைப் பார்க்கிறது, சதுரமாகப் பார்க்கிறது, பாதித் திரையில் பார்க்கிறது. கறுப்புப் பட்டை அவர்களுக்கு ஒரு பொருட்டே இல்லை. எவருக்காவது பிடிக்கவில்லையென்றால் அவர் வீட்டு ரிமோட்டில் ஜூம் பொத்தான் இருக்கிறது. வெட்டிக்கொள்ளும் வசதி எங்களிடம் உண்டு. நீங்கள் வெட்டியதைத் திரும்ப ஒட்டும் வசதி எங்களிடம் இல்லை.

கேட்டால் கிடைத்த கதைகளும் உண்டு. 2019 நவம்பரில் டிஸ்னி பிளஸ் தொடங்கியபோது 'தி சிம்ப்சன்ஸ்' பழைய பகுதிகள் மேலும் கீழும் வெட்டுப்பட்டு வந்தன. படச்சட்டத்தின் ஓரத்தில் வரைந்து வைத்திருந்த நகைச்சுவைகளே காணாமல் போயின. பார்த்தவர்கள் ஆதாரத்தோடு எழுதினார்கள். 2020 மே மாதம் ஒரு தேர்வு வந்தது: பழைய வடிவமா, புது வடிவமா, நீங்களே எடுத்துக்கொள்ளுங்கள். அவ்வளவு பெரிய தொடருக்கு அரை ஆண்டில் முடிந்தது. இதற்கு வெகுமுன்பே, நான் மேலே சொன்ன 'வின்டர் சொனாட்டா'வுக்கே நடந்திருக்கிறது. ஜப்பானின் பொது ஒளிபரப்பு நிறுவனமான என்எச்கே அதை 2003இல் ஜப்பானியக் குரல் கொடுத்து, நேரத்துக்காகச் சுருக்கித்தான் போட்டது. பார்த்தவர்கள் அசல் குரலும் முழுப் படமும் வேண்டும் என்றார்கள். 2004 டிசம்பரில் கொரிய மொழியிலேயே, வெட்டாமல், சப்டைட்டிலோடு மறுபடி போட்டார்கள். இருபது ஆண்டுகளுக்கு முன்னால், ஒளிபரப்பு நேரம் ஒவ்வொரு நிமிடமும் காசாக இருந்த காலத்தில், ஒரு பொது நிறுவனம் இதைச் செய்தது. உங்களிடம் ஒளிபரப்பு நேரம் என்ற தட்டுப்பாடே இல்லை.

நீங்கள் வைத்திருப்பதுதான் எங்களுக்கு எஞ்சியிருக்கும் ஒரே பிரதி என்பதை நினைவில் வையுங்கள். டிஸ்க் விற்கும் கடைகள் மூடிவிட்டன. என் பெட்டியில் இருப்பவை ஒவ்வொன்றாகப் போய்க்கொண்டிருக்கின்றன. விளிம்பிலிருந்து உள்நோக்கிக் காபிக் கறை மாதிரி ஒரு பழுப்பு ஏறுகிறது, அதற்கப்புறம் பிளேயர் அந்தத் தட்டைப் படிப்பதில்லை. டிவிடி பிளேயர் பழுதானால் பார்க்க ரிச்சி தெருவில் இப்போது ஓரிருவர்தான். 1960களிலும் 70களிலும் பிபிசி பழைய டேப்புகளை அழித்து மறுபடி பயன்படுத்தியது. யார் இதையெல்லாம் திரும்பப் பார்க்கப்போகிறார்கள் என்று அன்றைக்கு நினைத்தார்கள். 'டாக்டர் ஹூ' தொடரில் மட்டும் 90க்கும் மேற்பட்ட பகுதிகள் இன்றைக்கும் இல்லை, உலகம் முழுக்கத் தேடிக்கொண்டிருக்கிறார்கள். அது டேப் விலைக்காக நடந்தது. இன்றைக்கு அசலை அழிக்காமலே எங்கள் கண்ணிலிருந்து எடுத்துவிட முடிகிறது.

ஆகவே உங்களிடம் நான் கேட்பவை இவை.

4:3இல் ஒளிபரப்பான தொடர்களை 4:3இலேயே முதல் தேர்வாக வையுங்கள். அகல வடிவமும் வேண்டுமென்றால் பக்கத்தில் இரண்டாவது தேர்வாக வையுங்கள். சிம்ப்சன்ஸுக்கு முடிந்தது எல்லாத் தொடருக்கும் முடியும்.

வெட்டியிருந்தால், விரித்திருந்தால், மென்பொருளால் கூர்மையாக்கியிருந்தால், பாட்டையோ பின்னணி இசையையோ மாற்றியிருந்தால், காட்சியை நீக்கியிருந்தால், அந்தப் பகுதியின் விவரக் குறிப்பில் எழுதுங்கள். எந்த நிமிடத்தில் எந்தப் பாட்டு இருந்தது, பாடியவர் யார் என்று சேர்த்து எழுதுங்கள். இதற்கு யாரிடமும் அனுமதி வாங்க வேண்டியதில்லை, ஒரு ரூபாய் உரிமைத்தொகை கட்ட வேண்டியதில்லை. நாளைக் காலையே தொடங்கலாம். மற்றதெல்லாம் தாமதமானாலும் இது ஒன்றையாவது உடனே செய்யுங்கள்.

உரிமை புதுப்பிக்கும் பேச்சு வரும்போது பாட்டுகளையும் அதே மேசையில் வைத்துப் பேசுங்கள். படத்துக்கு ஒரு ஒப்பந்தம், பாட்டுக்குப் பிறகு பார்க்கலாம் என்று விட்டதால்தான் இத்தனையும்.

மாற்றும் முன்னால், உயிரோடு இருக்கும் இயக்குநரையும் ஒளிப்பதிவாளரையும் கேளுங்கள். இல்லாதவர்களின் வேலையில் கை வைக்காதீர்கள்.

ஒளிபரப்பான வடிவத்தின் ஒரு பிரதியை, டேப்பில் இருந்தபடியே, அந்தந்த நாட்டுத் திரைப்பட ஆவணக் காப்பகத்திலோ தேசிய நூலகத்திலோ ஒப்படையுங்கள். உங்கள் தளத்திலிருந்து ஒரு தொடரை எடுக்கும் அன்றைக்கு அது வேறெங்காவது இருக்க வேண்டும்.

அப்புறம், எழுதிக் கேட்பவர்களுக்குப் பதில் எழுத ஒரு ஆளை வையுங்கள். தொடரின் பெயர், பகுதி எண், நிமிடம், நொடி எல்லாம் குறித்துத்தான் மூன்று முறையும் எழுதினேன். பதினோரு வருஷம் அப்படிக் குறித்தே பழகிய கை இது. இந்த மடலோடும் அந்தப் பட்டியலை அனுப்புகிறேன். 'வின்டர் சொனாட்டா'வில் மட்டும் நாற்பத்தோரு இடங்கள்.

இப்படிக்கு,
சென்னையிலிருந்து ஒரு சந்தாதாரர்